செத்த பிறகு தளபதி

உயிரோடு இருக்கும்போது ஆணையிடுகிற மனிதர்களை நீங்கள் வேண்டியமட்டும் பார்த்திருப்பீர்கள். ஆபீசில் ஒருவர் இருப்பார், வீட்டில் ஒருவர் இருப்பார், லிஃப்டுக்குள் நாலு பேர் ஏறினால் அதில் ஒருவர் ‘இன்னும் கொஞ்சம் உள்ளே தள்ளி நில்லுங்க’ என்று மற்ற மூவரையும் ஒழுங்குபடுத்துவார். அவர்களைப் பற்றி இங்கே பேச்சில்லை. நாம் பார்க்கப் போகிறவர் வேறு ரகம். உயிரோடு இருக்கும்வரை இவரால் யாருக்கும் தொந்தரவு கிடையாது. செத்த பிறகுதான் வாயைத் திறப்பார். பேய், பிசாசு என்று பயந்துவிடாதீர்கள். நல்ல மனிதர், குடும்பஸ்தர், மின்கட்டணத்தை முதல் நாளே கட்டுகிறவர். சாவதெல்லாம் டிவிக்குள்தான்.

ஆட்டம் தெரியாதவர்களுக்கு இரண்டு வார்த்தை. டிவிக்குக் கீழே ஒரு கன்சோல், கையில் ஒரு கன்ட்ரோலர், டிவிக்குள் ஒரு தீவு. அந்தத் தீவின் மேல் பறக்கும் விமானத்திலிருந்து நூறு பேர் குதிப்பார்கள்; குதிக்கும்போது கையில் ஒன்றும் இருக்காது; கண்ணில் படும் வீடுகளுக்குள் புகுந்து, யாரையும் கேட்காமல் அலமாரியைத் திறந்து, துப்பாக்கியோ மருந்துப் பெட்டியோ கிடைத்ததைச் சுருட்டிக்கொண்டு, எதிரில் வருபவனைச் சுட்டு, தீவைச் சுற்றி ஒரு வட்டம் சுருங்கிச் சுருங்கி வர, அதற்கு வெளியே நின்றால் சாவு என்பதால் அதற்குள்ளேயே ஓடி, ஒளிந்து, மறுபடி ஓடி, கடைசியில் எந்த அணியில் ஆள் மிச்சமோ அந்த அணி ஜெயித்தது. நாலு பேர் ஓர் அணி. ஆளுக்கொரு வீட்டில் உட்கார்ந்திருந்தாலும் மைக்கில் பேசிக்கொள்ளலாம். இவ்வளவுதான். இதற்காக உலகம் முழுக்கப் பொறுப்பான மனிதர்கள் சாப்பாட்டை ஆறவிட்டுக்கொண்டிருக்கிறார்கள்.

இந்த ஆட்டத்தில் ஒரு வசதி உண்டு. நீங்கள் செத்துவிட்டால், உங்கள் அணியில் உயிரோடு இருப்பவர் முதுகுக்குப் பின்னால் நின்று அவர் ஆடுவதைப் பார்க்கலாம். இந்த வசதியைச் செய்து வைத்த புண்ணியவான் நல்ல மனதோடுதான் செய்திருப்பார். செத்தவன் பாவம், எழுந்து போய்ச் சுவரைப் பார்த்துக்கொண்டு உட்காரவா முடியும்? பார்த்துவிட்டுப் போகட்டும் என்று நினைத்திருப்பார். பார்க்கிறவன் பேசுவான் என்பது அவருக்குத் தோன்றவில்லை. அந்த இடத்தில்தான் நம் ஆள் பிறந்தார்.

நம் கைக்கு அகப்பட்டிருக்கும் மாதிரி, ஓட்டுநர் பயிற்சிப் பள்ளியில் கார் ஓட்டக் கற்றுக்கொடுக்கும் மாஸ்டர். பயிற்சிக் காரில் மாஸ்டர் உட்காரும் பக்கத்திலும் ஒரு பிரேக் இருக்கும், கவனித்திருக்கிறீர்களா? ஸ்டியரிங் கற்றுக்கொள்பவர் கையில். வண்டி நிற்பது மாஸ்டர் காலில். வாழ்நாளில் பாதியை அந்த ஆசனத்தில் கழித்தவருக்கு ஒரு பழக்கம் படிந்துவிடுகிறது. யாராவது எதையாவது ஓட்டினால் அவருக்குக் கால் துடிக்கும். சோபாவில் உட்கார்ந்து, செத்து, கூட்டாளி எதிரியை நோக்கி ஓடுவதைப் பார்க்கும்போது அந்தக் கால் தன்னால் தரையை ஓங்கி மிதிக்கும். மிதித்தும் வண்டி நிற்கவில்லையே என்ற ஆத்திரம் வாய் வழியாக வரும். கீழ்வீட்டுக்காரர் ஒருநாள் படியேறி வந்து, “சார், வீட்ல யாராவது தையல் மெஷின் மிதிக்கிறாங்களா?” என்று தணிவாகக் கேட்டுவிட்டுப் போனார்.

சனிக்கிழமை சாயங்காலம் ஆட்டம். அதற்கான சடங்குகளைப் பார்க்க வேண்டும் நீங்கள். டீப்பாயை ஒதுக்குவார். கன்ட்ரோலரை மூக்குக்கண்ணாடித் துணியால் துடைப்பார். ஒரு சொம்பு தண்ணீர் கை எட்டும் தூரத்தில் இருக்க வேண்டும், ஆனால் கால் எட்டும் தூரத்தில் இருக்கக் கூடாது. சட்டையின் மேல் பட்டனைக் கழற்றுவார், தோளை இரண்டு தரம் உருட்டுவார், பிறகு மைக்கில் அந்த அமர வாக்கியத்தைச் சொல்வார்: “இன்னிக்கு நிதானமா ஆடுறோம். யாரும் அவசரப்படக் கூடாது.” சொல்லி முடித்த கையோடு விமானத்திலிருந்து முதல் ஆளாகக் குதிப்பார். எங்கே குதிப்பார்? தீவில் எந்த இடத்தில் கூட்டம் அதிகமோ அங்கே. ஏன் என்று கேட்டால், “அங்கதான் நல்ல துப்பாக்கி கிடைக்கும்” என்பார். கிடைக்கத்தான் செய்கிறது. அவருக்கு முன்னால் இறங்கிய பத்துப் பேருக்குக் கிடைக்கிறது.

செத்ததும் காரணம் சொல்வார். நெட் இழுத்துவிட்டது. ஜன்னல் வெயில் டிவியில் விழுந்தது. கன்ட்ரோலர் பட்டன் ஒட்டிக்கொண்டது. சுட்டவன் ஏதோ தில்லுமுல்லு செய்திருக்கிறான். இதெல்லாம் இல்லாவிட்டால், “பின்னாடியிலேர்ந்து சுட்டுட்டான். தைரியம் இருந்தா முன்னாடி வரணும்” என்பார். அவர் இதுவரை யாரையாவது முன்னால் போய்ச் சுட்டிருக்கிறாரா? யாரையும் எப்படியும் சுட்டதில்லை, ஆகவே அந்தக் கேள்வி எழாது.

சுடப்பட்டவர் உடனே செத்துவிடுவதும் இல்லை. கொஞ்ச நேரம் தரையில் தவழலாம். அதற்குள் கூட்டாளி வந்து தூக்கிவிட்டால் பிழைக்கலாம். இந்தத் தவழும் கட்டத்தில் நம்மவர் ஒரு வாக்கியம் சொல்வார், அதை மட்டும் மனப்பாடம் செய்து கொள்ளுங்கள்: “வா, வா, இங்க யாருமே இல்ல, சேஃப்.” அவரைச் சுட்டவன் அங்கேதான் நிற்கிறான். துப்பாக்கியில் குண்டு நிரப்பிக்கொண்டு, அடுத்த ஆள் வரட்டும் என்று கதவோரம் காத்திருக்கிறான். இருந்தும் நம்மவர் மனசாரச் சொல்வார், சேஃப் என்று. அந்தச் சொல்லை நம்பிப் போய்ச் செத்தவர்களைக் கொண்டு தனியாக ஒரு தீவை நிரப்பலாம்.

அதற்கப்புறம்தான் அவர் தளபதி. முதுகு நிமிரும், குரல் கனக்கும். “ரைட்ல போ. ரைட்ல! அய்யோ, அது லெஃப்ட்டு. சரி, லெஃப்ட்லயே போ. ஏன் நிக்கிற? ஓடு. ஓடாத! குனி. குனிஞ்சுகிட்டே சுடு. சுடாத, சத்தம் கேட்டுரும். இப்ப சுடு! போச்சு.” கூட்டாளி பிழைத்தால், “பார்த்தியா, நான் சொன்னதைக் கேட்டே, தப்பிச்சே.” கூட்டாளி செத்தால், “நான் சொன்னேன்ல.” ஓடு என்றும் சொல்லி ஓடாதே என்றும் சொன்னவருக்கு இதில் தோல்வி எங்கிருந்து வரும்?

அணியின் மற்றவர்களையும் சொல்லிவிடுவோம். ஒருவன் மாஸ்டரின் மைத்துனன், மனைவியின் தம்பி. லிஃப்ட் மெக்கானிக். நாளெல்லாம் இருட்டுக் கூண்டுக்குள் கயிற்றைப் பிடித்துத் தொங்குகிறவன் என்பதால் சனிக்கிழமை யாராவது எங்கேயாவது வெளிச்சத்தில் ஓடினால் போதும் அவனுக்கு. இன்னொருவர் பல் டாக்டர். மாஸ்டரிடம் கார் ஓட்டக் கற்றுக்கொண்டவர். வாயைத் திறந்து வைத்திருப்பவர்களிடமே பேசிப் பழகியவர், ஆகவே தான் பேசினால் யாராவது பதில் சொல்வார்கள் என்பது அவருக்கு இன்னும் பழகவில்லை.

நாலாவது இடம் மட்டும் யாருக்கும் நிலைக்கவில்லை. முதலில் பள்ளிக்கூட வாத்தியார் ஒருவர் இருந்தார். வாரமெல்லாம் வகுப்பில் கத்துகிறவர், சனிக்கிழமை தன்னைப் பார்த்து ஒருவர் கத்துவதைத் தாங்காமல் போய்விட்டார். பிறகு ஒரு பெயிண்டர் வந்தார், இரண்டு வாரம் இருந்தார், மூன்றாவது வாரம் கை வலி என்றார். அதே சாயங்காலம், வேறு அணியில் ஆடிக்கொண்டிருக்கிறார் என்று காட்டி, அவர் பெயர் திரையில் பச்சையாக எரிந்தது. அதன் பிறகு கன்சோலே யாராவது முகம் தெரியாதவரைப் பிடித்துத் தரும். அவர்கள் வந்து, மாஸ்டரின் குரலைக் கேட்டு, ஒரு பட்டனை அழுத்தி அவர் குரலை அடைத்துவிட்டு, நிம்மதியாக ஆடினார்கள். மாஸ்டருக்கு அது தெரியாது. “நல்ல பையன், சொன்ன பேச்சு கேக்குறான், எதிர்த்துப் பேச மாட்டேங்குறான்” என்று அவர்களைப் புகழ்ந்தார்.

கடைசியில் அந்த இடத்துக்கு மாஸ்டரின் மனைவி வந்தார். அம்மையார் ரயில் நிலையத்தில் அறிவிப்பாளர். எந்த வண்டி எந்த நடைமேடைக்கு வரும் என்று சொல்லும் குரல் அவருடையதுதான். ஊரே அந்தக் குரலைக் கேட்டுப் பெட்டியைத் தூக்கிக்கொண்டு ஓடும். வீட்டில் அந்தக் குரலுக்கு வேலை இல்லை. வீட்டில் மாஸ்டர் இருக்கிறார். டிவியை மேலும் கீழுமாக இரண்டாகப் பிரித்து, மேல் பாதியில் அவரும் கீழ் பாதியில் இவருமாக ஒரே சோபாவில் உட்கார்ந்து ஆடினார்கள். அம்மையார் பேசாமல் வருவார், பேசாமல் ஆடுவார், பேசாமல் இரண்டு மூன்று பேரைச் சுட்டுச் சாய்ப்பார். முகம் தெரியாதவர்களைப் போலக் குரலை அடைக்க அவரால் முடியாது. பக்கத்தில் உட்கார்ந்திருக்கும் புருஷனுக்கு ஏது பட்டன்?

இப்படியே போயிருக்கும். ஒரு சனிக்கிழமை கிரீடம் வந்து கெடுத்தது.

இந்த ஆட்டத்தில் ஜெயித்தவர்கள் அடுத்த ஆட்டத்துக்கு வரும்போது தலையில் ஒரு தங்கக் கிரீடம் முளைத்திருக்கும். எல்லோர் கண்ணையும் குத்தும்படி பளபளவென்று இருக்கும். மாஸ்டர் அதைப் பலமுறை பார்த்திருக்கிறார், தன்னைச் சுட்டவர்களின் தலையில். அன்றைக்கு விமானத்தில் நாலு பேரும் வரிசையாக நிற்கிறார்கள். மூன்று தலையில் கிரீடம். நாலாவது தலை மாஸ்டருடையது.

“அது என்னது, உன் தலையில?” என்றார் மனைவியைப் பார்த்து.

“கிரீடம்.”

“அது தெரியுது. எப்படி வந்துச்சு?”

அம்மையார் கன்ட்ரோலரில் இல்லாத தூசியைத் தட்டினார். “ஜெயிச்சா வரும்னு நீங்கதானே சொல்லியிருக்கீங்க.”

“நாம எப்ப ஜெயிச்சோம்?”

மைத்துனன் வீட்டில் குக்கர் விசிலடித்தது இங்கே தெளிவாகக் கேட்டது. பிறகு அவனே தொண்டையைச் செருமினான். “மாமா, தப்பா எடுத்துக்காதீங்க. மத்தியானம் அக்கா இங்க வந்திருந்தாங்க. சும்மா இருக்கோமேன்னு ஒரு ஆட்டம் போட்டோம். டாக்டரும் அவர் வீட்லேர்ந்து வந்து சேர்ந்துகிட்டாரு.”

“ஒரு ஆட்டமா?”

“கொஞ்ச நாளாவே, மாமா.”

“சரி, நாலாவது ஆள் யாரு?”

“நாலாவது ஆள் போடல மாமா. மூணு பேராவே ஆடினோம்.”

அந்த இடம்தான் மாஸ்டருக்கு வலித்தது. தனக்குப் பதில் ஒரு கெட்டிக்காரரைப் பிடித்திருந்தால்கூட அவர் தாங்கியிருப்பார்; ஆள் நல்லா ஆடுகிறான், போகட்டும் என்றிருப்பார். இவர்கள் அவர் இடத்தை வெறுமனே விட்டுவிட்டு, மூன்றே பேராகப் போய் நாலு நாலு பேர் அணிகளை ஜெயித்துக் கிரீடத்தோடு வந்திருக்கிறார்கள். அவரைவிட வெற்றிடம் நன்றாக ஆடியிருக்கிறது. மாஸ்டர் கன்ட்ரோலரை மடியில் வைத்துவிட்டார். இதற்குள் விமானம் தீவைத் தாண்டிவிட, குதிக்காமல் நின்றவர்களை அது தானே கீழே உதறியது. நாலு பேரும் கடலோரத்தில் விழுந்து, அசையாமல் நின்று குடும்ப விவகாரம் பேசிக்கொண்டிருக்க, எவனோ ஒருவன் வந்து நாலு பேரையும் சாவகாசமாகச் சுட்டுவிட்டு, அந்தக் கிரீடங்களையும் எடுத்துக்கொண்டு போனான்.

கேலி எழுத வந்த இடத்தில் இதையும் சொல்ல வேண்டியிருக்கிறது. கார் ஓட்டக் கற்றுக்கொடுப்பவரின் பிழைப்பு ஒரு விதத்தில் பாவமானது. நன்றாகக் கற்றுக்கொடுத்தால் ஆள் போய்விடுவார். முதல் நாள் ஸ்டியரிங்கை இரண்டு கையாலும் இறுக்கிப் பிடித்து, “மாஸ்டர், நீங்க இல்லாம நான் ஓட்டவே மாட்டேன்” என்று சத்தியம் செய்தவர்கள் லைசென்ஸ் வந்த மறுநாள் சிக்னலில் பக்கத்தில் நின்றாலும் திரும்பிப் பார்ப்பதில்லை. அவர்களைக் குற்றம் சொல்வதற்கும் இல்லை, நேராகப் பார்த்து ஓட்டுங்கள் என்று கற்றுக்கொடுத்தவரே அவர்தான். திரும்பி வருபவர்கள் ஃபெயிலானவர்கள் மட்டும். பாஸாகிவிட்டும் அவரைத் தேடி வந்தவர் அந்தப் பல் டாக்டர் ஒருவர்தான். வாரம் தவறாமல் தன்னோடு வந்து உட்காரும் மனிதர்கள் என்று மாஸ்டருக்கு உலகத்தில் இந்த மூன்று பேர்தான் இருந்தார்கள். அந்த மூன்று பேரும் இப்போது கையை விட்டுப் போய்க்கொண்டிருந்தார்கள்.

“மாஸ்டர்,” என்றார் டாக்டர். “லேசா வலிக்கும், சொல்லிடறேன். நீங்க சாகறதுல எங்களுக்கு ஒரு வருத்தமும் இல்ல. தாராளமா சாகலாம். செத்த பிறகு பேசறீங்க பாருங்க, அதான் பிரச்சனை. எதிரி வர்ற காலடிச் சத்தமே கேக்க மாட்டேங்குது.”

“நல்லதுக்குத்தானே சொல்றேன், டாக்டர்.”

“நல்லதுதான். ஆனா நீங்க நல்லது சொல்லி முடிக்கறதுக்குள்ள நான் செத்துடறேன்.”

மாஸ்டர் மனைவி பக்கம் திரும்பினார். “நீ என்ன சொல்றே?”

“வாரம் பூரா ஸ்டேஷன்ல கத்திட்டு வர்றேங்க. இங்கயாவது கொஞ்சம் அமைதியா ஒருத்தனைச் சுடலாம்னு பாக்குறேன்,” என்றார் அம்மையார். கோபமாகச் சொல்லவில்லை. வண்டி தாமதம் என்று சொல்வதைப்போலச் சொன்னார்.

பேசிப் பேசி ஓர் ஒப்பந்தத்துக்கு வந்தார்கள். இன்னும் ஒரே ஓர் ஆட்டம். மாஸ்டர் உயிரோடு இருக்கும்வரை என்ன வேண்டுமானாலும் பேசலாம். செத்துவிட்டால் ஆட்டம் முடிந்து திரை மாறும்வரை மூச்சு விடக் கூடாது. ‘அய்யோ’ கூடாது, ‘ச்சே’ கூடாது, ‘நான் சொன்னேன்ல’ கூடவே கூடாது. மீறினால் அடுத்த சனிக்கிழமையிலிருந்து அணி மூன்று பேர்தான். மைத்துனன்தான் இதைத் தயங்கித் தயங்கிச் சொன்னான். இருந்தாலும் ஒரு ஷரத்தையும் விடாமல் சொன்னான்.

மாஸ்டர் ஒப்புக்கொண்டார். ஒப்புக்கொண்ட பிறகு, வாழ்க்கையில் முதல்முறையாகத் தன்னைப் பற்றி நேர்மையாக யோசித்தார். செத்த பிறகு பேசாமல் இருக்க நம்மால் முடியுமா? முடியாது. சத்தியமாக முடியாது. அப்படியென்றால் வழி ஒன்றுதான். சாகக் கூடாது.

விமானத்திலிருந்து மூன்று பேரும் குதித்தார்கள். மாஸ்டர் குதிக்கவில்லை. அவசரப்படாமல், தீவின் கடைக்கோடிக்கு விமானம் வந்த பிறகு இறங்கி, யாரும் எட்டிப் பார்க்காத ஒரு வீட்டின் மாடியேறி, குளியலறைக் கதவைச் சாத்தி, குளியல் தொட்டிக்குள் மல்லாந்து படுத்துக்கொண்டார். வீட்டில் அவருக்குக் கிடைத்தது ஒரு கைத்துப்பாக்கியும் கொஞ்சம் மருந்தும். போதும் என்றிருந்தது. வட்டம் சுருங்கும்போது மட்டும் எழுந்து, வேலியோரமாகக் குனிந்தோடி, அடுத்த வீட்டின் குளியல் தொட்டியில் போய்ப் படுத்தார். இப்படித் தொட்டி தொட்டியாகத் தீவைக் கடந்தார். மைக்கில் பேச அவருக்கு முழு உரிமை இருந்தது. ஆனால் உயிருக்குப் பயந்து ஒளிந்திருப்பவன் எங்கே பேசுவான்? அன்றைக்கு அவரிடமிருந்து சத்தமே வரவில்லை.

மற்றவர்கள் அமைதியாக, அழகாக ஆடினார்கள். ஒரு பாலத்தைக் கடக்கும்போது மைத்துனனுக்குக் குண்டு பட்டது. அவன் தரையில் தவழ்ந்துகொண்டே என்ன சொன்னான் தெரியுமா?

“அக்கா, வா, வா, இங்க யாருமே இல்ல!”

அக்கா தம்பியை நம்பிப் போனார். பாலத்துக்கு அந்தப் பக்கம் ஒருவன் படுத்திருந்தான். அம்மையார் விழுந்தார். இருவரையும் தூக்கிவிட டாக்டர் போனார். பாலம் சின்னது, மூன்று பேர் விழுந்து கிடக்க இடம் சரியாக இருந்தது.

இப்போது அணியில் உயிரோடு இருப்பது தொட்டிக்குள் படுத்திருக்கும் மாஸ்டர் மட்டும். இங்கே அம்மையார் பார்க்கும் டிவியின் கீழ் பாதியும், அங்கே மைத்துனன் வீட்டு டிவியும், டாக்டர் வீட்டு டிவியும் தாமாகவே அந்தக் குளியலறைக்குள் வந்து நின்றன. மூன்று பேரும் செத்தவர்கள். மூன்று பேரும் அவர் முதுகுக்குப் பின்னால். கொஞ்ச நேரம் மரியாதையாக இருந்தார்கள். தீவில் இன்னும் ஆறு பேர் மிச்சம் என்று காட்டிய திரை, வெளியே யாரோ யாரையோ சுட்டுக்கொள்ள, நாலு என்றது, மூன்று என்றது, இரண்டு என்றது. அந்த இரண்டில் ஒருவர் நம் மாஸ்டர். இன்னும் ஓர் ஆள். அந்த ஒருவனைச் சுட்டுவிட்டால் கிரீடம்.

“மாமா,” என்றான் மைத்துனன் மெல்ல. “சும்மா ஒண்ணே ஒண்ணு சொல்லவா?”

அங்கே உடைந்தது அணை. வட்டம் குளியலறைச் சுவரைத் தொடப்போகிறது, தொட்டியில் கிடக்க முடியாது, வெளியேறியாக வேண்டும். மாடி ஜன்னல் வழியாகக் கீழே இருந்த கொட்டகைக் கூரை மேல் குதிக்கலாம், அல்லது படிக்கட்டில் இறங்கி வாசல் வழியாகப் போகலாம். எதிரி எந்தப் பக்கம் என்று தெரிந்தால் எந்த வழி என்று தெரிந்துவிடும். எதிரி எந்தப் பக்கம் என்று தெரிய அவன் காலடிச் சத்தம் கேட்க வேண்டும்.

“ஜன்னல் மாமா, ஜன்னல்! குதிங்க!”

“குதிக்காதீங்க மாஸ்டர், அசையாம இருங்க, இதோ முடிஞ்சிடும்!”

பக்கத்தில் அம்மையார் எழுந்தே நின்றுவிட்டார். வீட்டுச் சுவர்கள் அதுவரை கேட்டிராத அந்தக் குரல், பெட்டி தூக்குபவர்களையும் வழியனுப்ப வந்தவர்களையும் ஒரே நேரத்தில் ஓடவைக்கும் அந்தக் குரல், கணீரென்று கிளம்பியது. “கவனிக்கவும்! கிழக்குப் பக்கப் படிக்கட்டு வழியாக உடனடியாக வெளியேறவும்! கவனிக்கவும்!”

“கொஞ்சம் சும்மா இருங்களேன்!” என்று மாஸ்டர் அலறினார். “காலடி கேக்கணும்!”

யார் கேட்டார்கள்? ஜன்னல், அசையாதீங்க, கவனிக்கவும், குனிங்க, குனியாதீங்க, ஏன் நிக்கிறீங்க, கவனிக்கவும். மாஸ்டர் நல்ல மாணவர். மூன்று பேர் பேச்சையும் கேட்டார். ஜன்னல்வரை போய் ஒரு காலைத் தூக்கி வைத்தார், எடுத்தார், படிக்கட்டுக்கு வந்து இரண்டு படி இறங்கினார், அங்கே அசையாமல் நின்றார். கீழே வாசற்கதவு திறந்த சத்தம் யார் காதிலும் விழவில்லை. எதிரி சாவதானமாக உள்ளே வந்து, படியில் சிலை மாதிரி நிற்கும் மனிதரை ஒரு கணம் ஆச்சரியத்தோடு பார்த்துவிட்டுச் சுட்டான். இரண்டாவது இடம்.

“நான் ஜன்னல்னு சொன்னேன்ல!” என்றான் மைத்துனன்.

“அசையாதீங்கன்னு எத்தனை தடவை சொன்னேன்,” என்றார் டாக்டர்.

“படிக்கட்டுன்னு தெளிவா சொன்னேன். பாதியில நின்னா எப்படி?” என்றார் அம்மையார்.

பிறகு மூன்று பேரும் ஒருவரையொருவர் பிடித்துக்கொண்டார்கள். ஜன்னல் என்று சொன்னதால்தான் கெட்டது என்று டாக்டரும், டாக்டர் வாயைத் திறக்காமல் இருந்திருந்தால் மாமா குதித்திருப்பார் என்று மைத்துனனும், தன் தம்பி பாலத்தில் பொய் சொல்லாமல் இருந்திருந்தால் இந்த நிலையே வந்திருக்காது என்று அம்மையாரும் மூச்சு வாங்க வாதாடினார்கள். நடுவில் மாஸ்டர் உட்கார்ந்திருந்தார். சொல்ல எவ்வளவோ இருந்தது. அவர் மட்டும் செத்தவர்களுக்கான சட்டத்தைக் கடைப்பிடித்து, ஒரு கையால் வாயைப் பொத்தி, திரை மாறட்டும் என்று காத்திருந்தார்.

“என்ன மாமா, ஒண்ணுமே பேச மாட்டேங்குறீங்க?” என்று மைத்துனன் கேட்டான்.

அம்மையார்தான் திரும்பிப் பார்த்தார். வாயைப் பொத்தியிருந்த கையையும், அதற்கு மேலே கலங்கியிருந்த கண்ணையும் பார்த்துவிட்டு, குரலைத் தணித்து மைக்கில் சொன்னார்: “அவர் செத்துட்டாருடா. பேசக் கூடாதுன்னு நாமதானே சொன்னோம்.”

மூன்று வீட்டிலும் சத்தம் அடங்கியது. குக்கர்கூட விசிலடிக்கவில்லை. டாக்டர்தான் முதலில், “அடுத்த சனிக்கிழமை நாலு பேரும் ஒரு அரைமணி முன்னாடியே உக்காந்துடுவோமா?” என்றார். மற்ற இருவரும் அவசர அவசரமாகச் சரி என்றார்கள். மாஸ்டரை இனி எந்த வாயால் வெளியே போகச் சொல்வார்கள்? திரை மாறியதும் மாஸ்டர் கையை எடுத்தார். ஒரு வாய் தண்ணீர் குடித்தார். பிறகு, “ஜன்னல்தான் சரின்னு எனக்கும் தோணுச்சு” என்று மட்டும் சொன்னார்.

அதோடு மாஸ்டரின் இடம் பிழைத்தது. இந்த வகை மனிதரிடம் எச்சரிக்கையாக இருங்கள், கன்ட்ரோலர் எடுத்த வீட்டில் எல்லாம் ஒருவராவது இருப்பார் என்று சொல்லிவிட்டு இங்கே விடைபெற்றுக்கொள்ளலாம். ஆனால் உங்களிடம் ஒரு கேள்வி பாக்கி. மாஸ்டர் ஜன்னலுக்கும் படிக்கட்டுக்குமாக அல்லாடிக்கொண்டிருந்தபோது நீங்கள் என்ன செய்துகொண்டிருந்தீர்கள்? உங்கள் கையில் கன்ட்ரோலர் இல்லை. அந்த விமானத்தில் நீங்கள் ஏறவே இல்லை. உங்கள் மேல் ஒரு குண்டு படவில்லை. இருந்தும், ‘அட, ஏதாவது ஒரு பக்கம் போய்த் தொலைய்யா’ என்று மனதுக்குள் கத்தினீர்களா, இல்லையா? எந்தப் பக்கம் என்றுகூடச் சொல்லியிருப்பீர்கள். நம் மாஸ்டராவது தீவில் குதித்து, குண்டு பட்டு, செத்த பிறகுதான் வாயைத் திறந்தார்.